அசையும் சொத்தை யார் அசைக்கலாம்?

"ஆம்பிளைப் பிள்ளையள் ஒருத்தரும் இல்லையோ?"

அலுமாரியை இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவருக்கு மாத்தப்போறம் என்று வாய் திறந்த எந்தப் பெண்ணுக்கும் இந்தக் கேள்வி வந்து சேரும். அம்மா கேட்பார். பக்கத்து வீட்டு அன்ரி மதிலுக்கு மேலால் எட்டிப் பார்த்துக் கேட்பார். வாடகை வாங்குகிறவரும் கேட்பார். அக்கறையில்தான் கேட்கிறார்கள், இல்லை என்று நாங்கள் சொல்லவில்லை. ஆனால் அந்த அக்கறைக்குள் ஒரு உத்தரவும் இருக்கிறது: இது உன்ரை வேலை இல்லை, ஒருத்தர் வரும்வரைக்கும் பேசாமல் இரு.

கம்பஸைச் சுற்றித் திருநெல்வேலி, கொக்குவில் பக்கம் அறை எடுத்து இருக்கிற எங்களுக்கு இந்த உத்தரவு இரட்டை விலங்காக வருகிறது. அறை தரும்போதே முதல் நிபந்தனை, பெடியள் கேற்றுக்கு உள்ளே வரக்கூடாது. பிறகு மழை ஒழுகுகிறது, கட்டிலையும் கண்ணாடி மேசையையும் தள்ளிப் போடவேணும் என்றால், "தனியப் பிடிக்காதேங்கோ பிள்ளையள், கம்பஸிலை பெடியள் ஆரும் இருந்தால் கூப்பிடுங்கோ." கூப்பிட்டால் அடுத்த நாள் ஒழுங்கை முழுக்கக் கதை. கூப்பிடாவிட்டால் கட்டில் நனையும். ஒரு வீட்டில் இரண்டையும் ஒரே வாயாலே, ஒரே கிழமைக்குள் எங்களுக்குச் சொன்னார்கள். அதில் ஒரு முரண் இருப்பதாகச் சொன்னவருக்குப் படவே இல்லை என்பதுதான் எங்களை இதை எழுத வைத்தது.

சட்டத்தைக் கேட்டால் இன்னும் சுவாரசியம். தேசவழமையின் கீழ் வருகிறவர்களுக்கு 1911 ஆம் ஆண்டின் யாழ்ப்பாணத் திருமண உரிமைகள், மரபுரிமைக் கட்டளைச் சட்டம் இருக்கிறது. அதன்படி மணமான பெண் தன் காணியையோ வீட்டையோ விற்கவேணும் என்றால் கணவனின் எழுத்து மூலமான சம்மதம் வேணும். அது தனியே ஒரு சண்டை, இன்னொரு நாள் போடுவம். ஆனால் அசையும் சொத்து என்றால் அவளுக்கு ஒருவருடைய சம்மதமும் தேவையில்லை. அலுமாரி அசையும் சொத்து. சீதனத்தோடு வந்த தேக்கு அலுமாரியை அவள் தனியே விற்கலாம், ஆருக்கும் சும்மாவும் குடுக்கலாம். நூறு வருசத்துக்கு முந்தின, பெண்களுக்கு ஒன்றும் அள்ளிக் கொடுக்காத ஒரு சட்டம் தந்த உரிமை அது. அதே அலுமாரியை மூன்றடி தள்ளத்தான் இன்றைக்கும் ஊரிடம் அனுமதி கேட்கவேணும்.

"பாரம் பிள்ளை, அதுதான்" என்பார்கள். சரி, பாரத்தைப் பற்றியே கதைப்பம். 2022 இல் காஸ் வரிசையில் விடியப்புறமே சிலிண்டரோடு நின்றவர்களில் எத்தனை பேர் பெண்கள்? 12.5 கிலோ வாயு, அதற்கு மேலே சிலிண்டரின் இரும்பு. வரிசை நகர நகர உருட்டியும் தூக்கியும் போனார்கள். அப்போது ஒருத்தரும் ஆம்பிளையைக் கூப்பிடச் சொல்லவில்லை. குழாய்க் கிணற்றிலிருந்து குடத்தில் தண்ணீர், ஆலைக்கு அரிசிச் சாக்கு, இடுப்பில் பிள்ளை. மலையகத்தில் பதினெட்டு, இருபது கிலோ கொழுந்து பறித்தால்தான் ஒரு நாள் பேர் விழும். அதை முதுகில் சுமந்து சரிவு ஏறுகிறவர்கள் பெரும்பாலும் பெண்கள். பாரம் சம்பளமில்லாததாகவோ சம்பளம் குறைந்ததாகவோ இருந்தால் அது பெண்ணின் பாரம். மரத்தால் செய்து, கண்ணாடி பூட்டி, விலை மதிப்போடு இருந்தால் திடீரென்று அவளுக்கு இடுப்பு நொந்துபோகும்!

உலக அளவிலும் இந்தக் குழப்பம் உண்டு. சர்வதேச தொழில் ஸ்தாபனத்தின் 1967 ஆம் ஆண்டுச் சமவாயம் பெண்களுக்கான உச்சப் பாரம் ஆண்களுடையதை விட நன்றாகக் குறைவாக இருக்கவேண்டும் என்றது. ஆண்களுக்கு 55 கிலோ என்று அதோடு வந்த பரிந்துரை சொன்னது. எங்கட கடைகளில் சீமெந்துப் பை 50 கிலோ, ஆகவே முதுகு முறிய ஆண்களுக்குப் பூரண உரிமை. அமெரிக்காவின் தொழில்சார் பாதுகாப்பு, சுகாதார நிறுவனம் 1991 இல் திருத்திய கணக்கோ வேறு மாதிரி. எல்லாம் வாய்ப்பாக இருந்தால்கூட 23 கிலோ, அது ஆணுக்கு ஒன்று பெண்ணுக்கு ஒன்று என்று பிரித்த இலக்கம் இல்லை. பொருள் உடம்பை விட்டுத் தள்ளி இருந்தால், குனிந்து எடுத்தால், உடம்பைத் திருகினால், அந்த 23 உம் இறங்கிக்கொண்டே போகும். ஆகவே ஒரு 80 கிலோ அலுமாரியைத் தூக்கக்கூடாது. நாங்களும் தூக்கக்கூடாது, ஜிம்முக்குப் போகிற தம்பியும் தூக்கக்கூடாது.

தூக்கத் தேவையும் இல்லை. மேசை, கதிரை, அலுமாரி எல்லாம் போர்த்துக்கேயர் விட்டுப்போன சொற்கள். அதே கப்பலில் வந்த இன்னொரு சொல் அலவாங்கு; அவர்களுடைய மொழியில் அதற்கு நெம்புகோல் என்று அர்த்தம். அலுமாரியை வீட்டுக்குள் வைத்துக்கொண்டோம், அலவாங்கை வேலி போடுகிற ஆட்களிடம் கொடுத்துவிட்டோம். 80 கிலோ அலுமாரியின் ஒரு பக்கத்தில் ஏறத்தாழ 40 கிலோதான் நிற்கிறது. அலவாங்கின் நுனியிலிருந்து ஒரு அடியில் கட்டையை வைத்து, மற்றப் பக்கம் நாலடியில் அழுத்தினால் பத்துக் கிலோ அளவு அழுத்தம் போதும். நிலத்தோடான உராய்வு 0.3 என்று வைத்தால் தள்ளுவதற்கு 24 கிலோவுக்கான விசை. வெறுமையாக்கின அலுமாரி என்றால் இன்னும் குறைவு. கலைப்பீடம் என்றாலும் இவ்வளவு கணக்கு எங்களுக்கும் வரும்.

எங்கட அறையில் இருந்தது ஆளுயரக் கண்ணாடி பூட்டின பழைய வேப்பமரக் கண்ணாடி மேசை. முதலில் லாச்சி எல்லாவற்றையும் உருவினோம். கண்ணாடி பின்பக்கம் நாலு ஸ்குரூவில் நின்றது, அதைக் கழற்றினோம். ஐந்து மில்லிமீற்றர்க் கண்ணாடி ஒரு சதுர மீற்றருக்குப் பன்னிரண்டரைக் கிலோ. நாலடிக்கு இரண்டடி என்றால் ஒன்பது கிலோவுக்குக் கொஞ்சம் மேலே, ஒரு ஆள் தாராளமாகக் கொண்டுபோகலாம். ஆனால் தட்டுப்போலக் கிடையாகப் பிடிக்கக்கூடாது, தன் பாரத்திலேயே வளைந்து வெடிக்கும். நிமிர்த்தி, விளிம்பில் துணி சுற்றி, உடம்போடு அணைத்து நடக்கவேணும். வைக்கும்போதும் பெட்சீட்டுக்கு மேலே, சுவரில் சாய்த்து, நிமிர்த்தித்தான். ரேப்பைக் குறுக்கும் நெடுக்கும் ஒட்டினால் உடையாது என்பது பொய். உடைந்தால் துண்டு சிதறாது, அவ்வளவுதான். பழைய பொலிஷில் ரேப் ஒட்டவே கூடாது, உரித்தால் பொலிஷும் சேர்ந்து வரும். கதவுகளைப் பழைய சீலைக் கிழிசலால் கட்டுங்கோ.

பிறகு தும்புத்தடியால் நிலத்தைக் கூட்டவேணும். இதை ஒருத்தரும் செய்வதில்லை. ஒரு மணல் குருணி காலுக்குள் அகப்பட்டால் சிவப்புச் சீமெந்து நிலத்தில் வாசல்வரைக்கும் கோடு விழும். வாடகை முற்பணத்தில் அதற்கும் கழிப்பார்கள். அலவாங்கால் ஒரு பக்கத்தை விரல் தடிப்புக்கு மட்டும் கிளப்பி, ஆப்பு ஒன்றைச் செருகி, அலவாங்கை விட்டபிறகு மடித்த போர்வையைத் தடியால் உள்ளே தள்ளவேணும். கையை விடக்கூடாது. அதிகம் கிளப்பவும் கூடாது, உயரமான அலுமாரி மறுபக்கம் சரியும். மற்றப் பக்கமும் அப்படியே. நாலு காலுக்கும் கீழே போர்வை வந்ததும், முழங்காலில் இருந்து அடிச்சட்டத்தில் கையை வைத்துத் தள்ளுங்கோ. உச்சியில் பிடித்துத் தள்ளினால் நடக்காது, கவிழும். காலைப் பிடித்து இழுத்தால் பழைய பொருத்து கழன்று கையோடு வரும். வாசற்படி குறுக்கே வந்தால் ஒரு பலகையைச் சாய்வாகப் போடவேணும், சரிவின் கீழ்ப்பக்கம் ஒருபோதும் நிற்கக்கூடாது. செருப்பு இல்லை, சப்பாத்து. தனியே செய்கிறீர்கள் என்றால் தொடங்கமுன் ஆருக்காவது ஒரு மெசேஜ் போட்டுவிட்டுத் தொடங்குங்கோ. விழத் தொடங்கினால் தாங்கப் போகாதேங்கோ, விட்டிட்டு விலகுங்கோ. சீதன அலுமாரி என்றாலும் விடுங்கோ.

அரை மணித்தியாலம் எடுத்தது. ரீல்ஸில் போட ஒன்றும் இல்லை. இன்னொரு பக்கம் "நானும் தூக்குவன்" என்று கட்டிலைத் தலைக்கு மேலே பிடித்து வீடியோ போடுகிற வீரத்தையும் நாங்கள் கேட்கவில்லை. அது பெடியளின் பழைய மடத்தனத்தைப் பெண்பாலுக்கு மாத்தினது. எங்கட பச்சில் ஒரு பெடியன் இருக்கிறான், கோயில் திருவிழா, கல்யாண வீடு, கம்பஸ் விழா எல்லாவற்றுக்கும் மேசை தூக்கக் கூப்பிடுவார்கள். இடுப்பு வலியோடு திரிகிறான். "ஏலாது" என்று ஒரு நாளும் சொன்னதில்லை, அவனுக்கு அந்தச் சொல்லைச் சொல்ல ஊர் விடவில்லை.

அப்ப உதவியே வேண்டாமோ என்று கேட்பவர்களுக்கு: வேணும். படி இறக்குவது, லொறியில் ஏற்றுவது, மாபிள் பூட்டின மேசை, கழற்ற ஏலாத பெரிய கண்ணாடி எல்லாம் ஒருவர் செய்கிற வேலை இல்லை, அதில் வீம்பு காட்டினால் காலம் முழுக்கப் படுக்கை. ஆனால் அங்கே தேவை இரண்டாவது ஆள். மீசை உள்ள ஆள் என்று இல்லை. பக்கத்து அறைப் பிள்ளையே காணும்.

எங்களுக்கு இது அறை மாத்துகிற பிரச்சினை மட்டும்தான். யுத்தத்தில் கணவனையும் அண்ணன் தம்பியையும் இழந்தும் தொலைத்தும், தனியே வீடு நடத்துகிற பெண்கள் வன்னியிலும் யாழ்ப்பாணத்திலும் எத்தனை பேர். அவர்களிடம் போய் "ஆம்பிளைப் பிள்ளையள் ஒருத்தரும் இல்லையோ" என்று வாசலில் நின்று கேட்பதற்கு என்ன பெயர்? இல்லை என்பது கேட்கிறவருக்கும் தெரியும். அவர்கள் கேற்றுக்குள் ஒரு ஆண் வந்துபோனால் என்ன கதை வரும் என்பதும் தெரியும், அந்தக் கதையைப் பரப்புகிறவர்களில் சில வேளை கேட்கிறவரே ஒருவர். கூரை ஒழுகுகிற இரவில் அவர்கள் அலுமாரியைத் தனியேதான் தள்ளுகிறார்கள், எந்த முறையும் ஒருவரும் சொல்லிக்கொடுக்காமல்.

பள்ளிக்கூடத்தில் நெம்புகோல் படம் கீறி, சுழலிடம், எத்தனம், சுமை என்று பெயர் எழுதிப் புள்ளி வாங்கினோம். எங்கட வகுப்பில் ஒருத்தியின் கையிலும் ஒரு அலவாங்கை ஒருவரும் தரவில்லை. இப்போது எங்கட அறையில் ஒன்று இருக்கிறது, இரண்டு ஆப்பு, ஒரு கட்டை, மூன்று பழைய போர்வையோடு. வேணும் என்கிறவர்கள் பின்னேரங்களில் வந்து எடுக்கலாம், ஒரு கிழமைக்குள் திருப்பித் தரவேணும். பெடியளும் கேட்கலாம், கேற்றடியில் வைத்துத் தருவம்.