நெட் பெட்டியும் நம் அதிகாரமும்

நம் வயதுக்காரர்கள் பலர் வீட்டில் ஒரே கதைதான். வாரத்துக்கு ஒருமுறை இன்டர்நெட் பெட்டி, அதாவது ரவுட்டர், மக்கர் பண்ணும். பீரோவுக்குப் பின்னால் குனிந்து பிளக்கைப் பிடுங்கி, கொஞ்சம் பொறுத்து மறுபடி சொருக வேண்டும். முழங்கால் வலிக்காரருக்கு அது சின்ன வேலையா?

இதற்கு ஸ்மார்ட் பிளக் என்று விற்கிறார்கள். அதில் ஒரு வேடிக்கை உண்டு. பல பிளக்குகளுக்கு நாம் ஆப்பில் கொடுக்கும் உத்தரவு முதலில் கம்பெனியின் தொலைதூரக் கணினிக்குப் போய், அங்கிருந்து இன்டர்நெட் வழியாகத் திரும்பி வரவேண்டும். இன்டர்நெட்டே இல்லாத நேரத்தில் எப்படி வரும்? பக்கத்து மேசைக்குப் போகவேண்டிய ஃபைலைத் தலைமை அலுவலகம் சுற்றி அனுப்புகிற கதை. ஆயுள் முழுக்க ஃபைல் நகர்த்தியவன் சொல்கிறேன், சுற்றுகிற ஃபைல் எங்காவது நிற்கும்.

சரியான வழி, உள்ளூர் ஏபிஐ உள்ள கருவி. பிரெஞ்சில் படித்த எனக்கு இந்த ஆங்கிலச் சுருக்கங்கள் லேசில் வாயில் நுழைவதில்லை. விஷயம் எளிது: வீட்டுக்குள் ஒவ்வொரு கருவிக்கும் 192.168.1.20 என்பது போல ஒரு விலாசம் இருக்கிறது. அந்த விலாசத்துக்குக் குறித்த படிவத்தில் மனு போட்டால் கருவி நேரே பதில் தரும். வெளியார் யாரும் நடுவில் இல்லை. ஷெல்லி என்ற பல்கேரிய நிறுவனத்தின் கருவிகள் இந்தப் படிவத்தை வெளிப்படையாகவே தருகின்றன.

ஒரு சிறிய கணினியில் ஹோம் அசிஸ்டென்ட் என்ற இலவச மென்பொருளைப் போட்டால் மனுவை அதுவே எழுதும். ஐந்து நிமிடம் நெட் இல்லையென்றால் பிளக்கை அணைக்கச் சொல்லும். அணைத்தால் வைஃபையும் போய்விடுமே, மறுபடி போடு என்று யார் சொல்வது? அதற்காகத்தான் மனுவிலேயே 'பத்து விநாடி கழித்துத் தானாகப் போடு' என்று சேர்த்து எழுத இடமிருக்கிறது. யோசித்துத்தான் செய்திருக்கிறார்கள்.

வெளியூரிலிருந்து இயக்கக் கம்பெனிக் கணினி சௌகரியம் என்பார்கள். மறுக்கவில்லை. ஆனால் 2022 ஏப்ரலில் அமெரிக்காவில் இன்ஸ்டியான் நிறுவனம் முன்னறிவிப்பின்றித் தன் கணினிகளை நிறுத்தியது. ஆப்பை நம்பியவர்கள் திகைத்தார்கள். வீட்டுக்குள்ளேயே நேரடி இணைப்பு வைத்திருந்தவர்களுக்கு விளக்கு எரிந்தது. பின்னர் வாடிக்கையாளர்கள் சிலரே அந்த நிறுவனத்தை வாங்கிக் கணினிகளை ஓடவிட்டார்கள். காசு கொடுத்து வாங்கிய பொருளுக்கு இவ்வளவு பாடு!

கருவிக்குக் கட்டாயம் பாஸ்வேர்டு போடுங்கள். அதை வெளி இன்டர்நெட்டுக்குத் திறந்துவிடாதீர்கள். வாங்கும்போது, "நெட் இல்லாமல் வேலை செய்யுமா, உள்ளூர் ஏபிஐ உண்டா?" என்று கேளுங்கள். "எல்லாம் ஆப்பிலேயே வரும் சார்" என்று பதில் வந்தால், அடுத்த கடைக்குப் போகலாம்.