விரிசல் விட்ட பாய்லரும் வீரத் தளபதியும்

கோவைக்குக் கடல் கிடையாது. மேற்கே மலை. மலைக்கு நடுவே பாலக்காட்டுக் கணவாய். அந்த வழியாகக் காற்று வரும்; மழை வரும்; அலை மட்டும் வராது.

ஆனாலும் கோவை நகரிலே கடற்படை நிலையம் ஒன்று இருக்கிறது! ரெட்பீல்ட்ஸ் பகுதியில் உள்ள 'ஐ.என்.எஸ். அக்ரணி'தான் அது. கடற்படை வீரர்களுக்குத் தலைமை ஏற்கும் பயிற்சி அங்கே கொடுக்கப்படுகிறது. 'அக்ரணி' என்றால் முன்னே நிற்பவன் என்று பொருள். நாலு பேரை நடத்திச் செல்வது எப்படி என்பதை, கடலே இல்லாத ஊரில் வந்து கற்றுக்கொண்டு, மறுபடியும் கப்பலுக்குப் போகிறார்கள்.

சூலூருக்கும் இப்படி ஒரு கதை உண்டு. 1961 செப்டம்பர் 5-ந் தேதி கடற்படையின் 'ஹன்சா' விமான நிலையம் அங்கேதான் தொடங்கியது. 1964-ல்தான் அது கோவாவுக்குப் போனது. 'விக்ராந்த்' என்ற புகழ்பெற்ற கப்பலில் இருந்து பறந்த 'சீ ஹாக்' ஜெட் விமானங்களின் கரை வீடு இந்த ஹன்சா. சோமனூர், பல்லடம் பக்கத்துப் பெரியவர்களில் சிலர் சிறுவயதில் அண்ணாந்து பார்த்த விமானங்கள், பிற்காலத்தில் ஒரு போரின் போக்கையே மாற்றப் போகின்றன என்று அன்று யார் நினைத்திருப்பார்கள்?

அந்தப் போரில் கிழக்குக் கடலைக் காத்தவர் ஒரு தமிழ்நாட்டுக்காரர். அவர்தான் வைஸ் அட்மிரல் நீலகண்ட கிருஷ்ணன்.

நாகர்கோவில் பிள்ளை

கிருஷ்ணன் பிறந்தது 1919 ஜூன் 8-ந் தேதி, நாகர்கோவிலில். வெள்ளைக்காரன் ஆண்ட காலத்திலேயே கடற்படையில் சேர்ந்தார். இரண்டாவது உலகப் போரில், பாரசீக வளைகுடாவில் காட்டிய துணிச்சலுக்காக 'டி.எஸ்.சி.' பதக்கம் பெற்றார். அப்போது அவர் இருபது வயதைத் தாண்டிய இளைஞர். 1961-ல் கோவா விடுதலைப் போர் நடந்தபோது, டையூத் தீவின் எதிரே நின்ற 'டெல்லி' போர்க்கப்பலின் கேப்டன் அவரே. பிறகு விக்ராந்துக்கும் கேப்டனாக இருந்தார். 1971-ல் விசாகப்பட்டினத்தில் கிழக்குக் கடற்படைத் தலைமைத் தளபதியாக அமர்ந்தார்.

பதவிகளின் பட்டியல் இவ்வளவு போதும். மனிதரைப் பார்க்க வேண்டும்.

கிருஷ்ணன் என்றதும் விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுவது ஒரு தந்திரக் கதைதான். அதுவும் நல்ல கதைதான். அது பின்னால் வருகிறது. ஆனால் அவருடைய பெருமை தந்திரத்தில் மட்டும் இல்லை. ஓட்டைப் பாத்திரத்தை வைத்துக்கொண்டு விருந்து சமைத்ததில் இருக்கிறது. கொங்கு நாட்டு மக்களுக்கு இது மற்றவர்களைவிட நன்றாகப் புரியும். ஏனென்றால், விஷயம் ஒரு பாய்லரைப் பற்றியது!

பாய்லரில் விரிசல்

மில்லிலும் சாயப் பட்டறையிலும் வேலை செய்கிறவர்களுக்குப் பாய்லர் என்றால் என்னவென்று சொல்லித் தர வேண்டியதில்லை. உள்ளே கொதிக்கும் நீராவி எப்படியாவது வெளியே வரப் பார்க்கும். இரும்பு அதைத் தடுத்து நிற்கும். இரும்பிலே விரிசல் விட்டால் என்ன ஆகும்? பாய்லர் வெடித்தால் பக்கத்தில் நிற்பவன் பிழைப்பது அபூர்வம். அதனால்தான் இன்ஸ்பெக்டர் வந்து சோதித்து சர்டிபிகேட் கொடுக்காமல் பாய்லரை ஓட்டக் கூடாது என்று சட்டம் வைத்திருக்கிறார்கள்.

விக்ராந்த் விமானந்தாங்கிக் கப்பல். நம் நாட்டிடம் அன்று இருந்தது அந்த ஒன்றுதான். அதற்கு நாலு பாய்லர்கள். 1970 ஜூன் மாதம் பம்பாயில் சோதித்தபோது, பாய்லர்களின் டிரம்களில் விரிசல்கள் தெரிந்தன. பற்ற வைத்துச் சரிசெய்யக்கூடிய விரிசல்கள் அல்ல. புது டிரம்கள் பிரிட்டனில் இருந்து வர வேண்டும். அதுவரை பாய்லரைப் பற்ற வைக்கக் கூடாது என்று மேலிடம் உத்தரவு போட்டுவிட்டது. கப்பல் மாதக்கணக்கில் சும்மா நின்றது.

கப்பல் மெதுவாகப் போனால் என்ன, விமானம்தானே பறக்கப் போகிறது என்று கேட்கலாம். அங்கேதான் சிக்கல். குழந்தைகள் பட்டம் விடுவதைப் பார்த்திருப்பீர்கள். காற்று இல்லாத நாளில் நூலைப் பிடித்துக்கொண்டு ஓடினால்தான் பட்டம் எழும்பும். கப்பலில் இருந்து விமானம் கிளம்புவதும் அப்படியே. கப்பல் காற்றை எதிர்த்து வேகமாக ஓட வேண்டும். அது போதாதென்று, கவண் கல்லை எறிவதுபோல விமானத்தை முன்னே எறிவதற்கு ஒரு நீராவி எந்திரம் உண்டு. அதற்கும் நீராவி கொடுப்பது அதே பாய்லர்கள்தான்!

1965-ல் நடந்த போரின்போது விக்ராந்த் பம்பாயில் பழுது பார்க்கப்பட்டுக் கொண்டிருந்தது, கடலுக்கே போகவில்லை. "யானையைக் கட்டித் தீனி போடுகிறார்கள்" என்ற ஏச்சு அப்போதே எழுந்தது. 1971-லும் அது துறைமுகத்திலேயே நின்றால், கடற்படை விமானப் பிரிவையே மூடிவிட வேண்டியதுதான் என்று அதிகாரிகள் கவலைப்பட்டார்கள்.

அனுப்புவதா, வேண்டாமா?

இந்த இடத்தில் நியாயம் பேச வேண்டும். கப்பலை அனுப்புவதற்கு முன்னால் நின்றவர் கிருஷ்ணன் ஒருவர் மட்டும் அல்ல. கடற்படைத் தலைமைத் தளபதி அட்மிரல் நந்தா பெரும் பொறுப்பை ஏற்றார். பிற அதிகாரிகளும் வாதாடினார்கள். ஆனால், விக்ராந்தைக் கையில் வாங்கி, கிழக்குக் கடலில் அதை வைத்தே போர்த் திட்டம் போட்டவர் கிருஷ்ணன். நொண்டிக் குதிரை என்று தெரிந்தேதான் ஏறி உட்கார்ந்தார்.

கண்ணை மூடிக்கொண்டு அனுப்பினார்களா? இல்லை. ஒரு பாய்லரை அடியோடு நிறுத்தினார்கள். மற்ற மூன்றுக்கும் வெளியே எஃகுப் பட்டைகள் போட்டு இறுக்கினார்கள். நீராவி கசிகிறதா என்று பார்க்கக் கண்ணாடி ஜன்னல்கள் வைத்தார்கள். அழுத்தத்தைக் குறைத்தார்கள். வேகத்தை 14 நாட்டுக்கு மேல் போகாமல் கட்டுப்படுத்தினார்கள். 14 நாட் என்றால் மணிக்குச் சுமார் 26 கிலோமீட்டர். சைக்கிளை வேகமாக மிதிக்கும் வாலிபன் அந்தக் கப்பலோடு போட்டி போடலாம்! 1971 ஜூனில் ஆழ்கடலில் ஓட்டிப் பார்த்தபிறகே போருக்குத் தகுதி என்று ஒப்பினார்கள்.

கப்பலில் இருந்தவர்கள் ஆயிரத்துக்கு மேல். பாய்லர் அறையில் நின்றவர்கள் யார் வீட்டுப் பிள்ளைகளோ! உத்தரவு போட்ட தளபதி கரையில் இருந்தார். அது தவறில்லையா என்று ஒரு தாய் கேட்டால் என்ன பதில் சொல்வது?

பதில் இதுதான். அதே கப்பலில் கேப்டனாக நின்றவர் அந்த உத்தரவைப் போட்டார். எந்தப் பாய்லர் எங்கே இருக்கிறது, எந்தப் பிள்ளை எங்கே நிற்பான் என்பது அவருக்குத் தெரியும். கீழே இறங்கிப் பார்க்காத முதலாளி "ஓட்டு" என்பதற்கும், கரி படிந்த கையோடு மேலே வந்தவர் "ஓட்டு" என்பதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம் உண்டு. ஆபத்து நேர்ந்திருந்தால் பழி அவர் தலையில்தான் விழுந்திருக்கும்.

பொய் விக்ராந்த்

இனித் தந்திரக் கதை.

பாகிஸ்தானிடம் 'காஜி' என்ற நீர்மூழ்கிக் கப்பல் இருந்தது. அமெரிக்காவிடம் குத்தகைக்கு எடுத்தது. நெடுந்தூரம் ஓடக்கூடியது. 1971 நவம்பர் 14-ந் தேதி கராச்சியில் இருந்து புறப்பட்டு, இந்தியாவைச் சுற்றிக்கொண்டு வங்கக் கடலுக்கு வந்தது. அது தேடி வந்தது விக்ராந்தைத்தான். வேகமாக ஓட முடியாத கப்பல் நீர்மூழ்கியிடம் சிக்கினால் அவ்வளவுதான்.

கிருஷ்ணன் விக்ராந்தை அந்தமான் பக்கம் ஒளித்து வைத்தார். அந்த இடத்துக்கு 'எக்ஸ்-ரே துறைமுகம்' என்று ரகசியப் பெயர். விசாகப்பட்டினத்தில் 'ராஜ்புத்' என்ற கிழட்டு நாசகாரிக் கப்பல் இருந்தது. உலகப் போரில் ஓடிய கப்பல். ஓய்வு கொடுத்து அனுப்பும் நிலையில் இருந்தது. அதைக் கடலுக்கு அனுப்பி, "நீதான் விக்ராந்த்" என்றார்! விமானந்தாங்கிக் கப்பல் அனுப்புவது போலவே அது கம்பியில்லாத் தந்தியில் ஓயாமல் செய்தி அனுப்பியது. ஒரு மாலுமி தன் தாயாரின் உடல்நிலையை விசாரிப்பதுபோலவும் ஒரு செய்தி, எதிரியின் காதில் விழட்டும் என்றே, சங்கேதம் இல்லாமல் போனது. கரையிலே காண்டிராக்டர்களிடம் பெரிய கப்பல் கூட்டத்துக்கு வேண்டிய கறி, காய்கறிகளுக்கு ஆர்டர் போனது. ஒற்றன் இருந்தால் சொல்லட்டுமே! இதையெல்லாம் கிருஷ்ணனே பின்னாளில் தம் நூலில் எழுதினார்.

கேட்கச் சுவையாக இருக்கிறது. ஆனால் ராஜ்புத்தில் இருந்தவர்களின் நிலையை நினைத்துப் பாருங்கள். புலிக்குக் கட்டிய ஆடு அவர்கள்தான். அதன் கேப்டன் லெப்டினன்ட் கமாண்டர் இந்தர் சிங், தெரிந்தே அந்த வேலையை ஏற்றார். ஆட்டை அனுப்பிய கிருஷ்ணனை எல்லோரும் புகழ்கிறார்கள். ஆடாகப் போனவர்களைப் பற்றிப் பேச்சே காணோம்.

டிசம்பர் 3-ந் தேதி மாலை போர் மூண்டது. அன்று நள்ளிரவுக்குச் சற்று முன் ராஜ்புத் துறைமுகத்தை விட்டுக் கிளம்பியது. நீரில் ஏதோ கலக்கம் தெரிந்தது. இந்தர் சிங் நீரடிக் குண்டுகளைப் போடச் சொன்னார். சிறிது நேரத்தில் பயங்கரமான வெடிச் சத்தம்! கரையில் வீடுகள் அதிர்ந்தன. காஜி ஜலசமாதி ஆனது.

ராஜ்புத்தின் குண்டுதான் காஜியை மூழ்கடித்தது என்கிறார்கள் இந்தியர்கள். காஜி தான் போட்ட கண்ணிவெடியிலேயே சிக்கியது, அல்லது உள்ளே வெடித்தது என்கிறார்கள் மற்றவர்கள். இந்த வழக்கு இன்னும் தீரவில்லை. தீராமலே போகட்டும். விக்ராந்தைத் தேடி வந்தவன் விக்ராந்த் இல்லாத இடத்தில் காத்திருந்து அழிந்தான் என்பதில் சந்தேகம் இல்லை. அந்தப் பெருமையை யாரும் பறிக்க முடியாது. உள்ளே மாண்டவர்கள் தொண்ணூறு பேருக்கு மேல். அவர்களும் தாய் பெற்ற பிள்ளைகளே.

காற்றை எதிர்த்து

டிசம்பர் 4-ந் தேதி காலை. கேப்டன் சுவராஜ் பிரகாஷ் ஓட்டிய விக்ராந்த், மூன்று பாய்லர்களோடு காற்றை எதிர்த்து நின்றது. சீ ஹாக் விமானங்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் பறந்தன. காக்ஸ் பஜார் விமான நிலையம், பிறகு சிட்டகாங் துறைமுகம் என்று குண்டு மாரி பொழிந்தது. கிழக்குப் பாகிஸ்தானில் இருந்த படைக்குக் கடல் வழி அடைபட்டது. வெளியே போகவும் வழியில்லை. உதவி வரவும் வழியில்லை.

எல்லாமே வெற்றி என்று சொல்ல முடியாது. போரின் கடைசி நாட்களில் காக்ஸ் பஜாரில் கூர்க்காத் துருப்புகளைக் கரையிறக்கப் பார்த்தார்கள். அது சரியாக அமையவில்லை. வீரர்கள் நீரில் மூழ்கி இறந்தார்கள். வெற்றிக் கதை சொல்லுகிறவர்கள் இதை விட்டுவிடுகிறார்கள். விடக் கூடாது. அவசரத்தில் எடுத்த காரியம் என்ன விலை கேட்கும் என்பது, பாய்லருக்குப் பட்டை போட்டுப் பொறுமையாகச் சோதித்த கதைக்குப் பக்கத்தில் வைத்தால்தான் தெரியும்.

டிசம்பர் 16-ந் தேதி டாக்காவில் ஜெனரல் நியாசி சரண் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டார். எல்லாப் பாடப் புத்தகத்திலும் அந்தப் படம் உண்டு. அரோராவும் நியாசியும் மேஜையில் உட்கார்ந்திருப்பார்கள். பின்னால் நிற்பவர்களில் ஒருவர் கிருஷ்ணன். படத்தைப் பார்க்கும் பிள்ளைகளில் எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும்? உட்கார்ந்திருப்பவர்களின் பெயரைக் கேட்டுத்தான் பரீட்சையில் மார்க்கு! கோவைப் பள்ளிக்கூடங்களிலாவது ஆசிரியர்கள் அந்தப் படத்தில் விரலை வைத்து, "இவர் நாகர்கோவில்காரர்" என்று ஒருமுறை சொன்னால் நல்லது. அக்ரணி வாசலைத் தாண்டிப் பள்ளிக்குப் போகிற பிள்ளைகளுக்கு, உள்ளே என்ன கற்றுத் தருகிறார்கள் என்பதும் அப்போது புரியும்.

1972-ல் கிருஷ்ணனுக்குப் பத்மபூஷண் விருது கிடைத்தது. விக்ராந்துக்குப் புதிய பாய்லர்கள் வர மேலும் பல ஆண்டுகள் ஆயின. 1979-ல் தொடங்கிய பெரிய பழுதுபார்ப்பில்தான் அவற்றைப் பொருத்தினார்கள். 1982 ஜனவரியில் அந்த வேலை முடிந்தது. கிருஷ்ணன் காலமானதும் அதே 1982-ல்தான்.