நீலம் பூசின கறுப்பு

2018இல் ‘காலா’ வந்ததிலிருந்து ஒரு புலம்பல் ஓயவில்லை. நீலத்தைக் காட்டிச் சினிமாவில் சாதியைக் கிளப்புகிறார்களாம். பேங்கில் பக்கத்து கவுண்டர்க்காரர் சொன்னார்: “படமெல்லாம் நல்லாத்தான் எடுக்கறாங்க சார், அந்த நீலத்தக் கொஞ்சம் கொறச்சிக்கலாம்.” அவர் தலைக்கு மேலே காலண்டரில் கண்ணன் நீலமாக நின்று குழல் ஊதுகிறான். அது மட்டும் அவருக்கு உறுத்தவேயில்லை.

கணக்குப் பார்ப்போம், நமக்கு அதுதானே பொழைப்பு. கிருஷ்ணன் என்றால் கறுப்பன். மாயோன் என்றாலும் கறுப்பன்தான். மாடு மேய்த்த இந்தக் கறுப்பனை அச்சுப்படத்திலும் திரையிலும் நீலமாக்கினார்கள். 1964 ‘கர்ணன்’ படத்தில் தெலுங்கு தேசத்து என்.டி.ராமராவ் நீலம் பூசிக்கொண்டு வந்தார். தமிழ் ஜனம் கன்னத்தில் போட்டுக்கொண்டது. மேகவண்ணன், அதனால் நீலம் என்பார்கள். மழை மேகம் என்ன நிறம்யா? கறுப்பைக் கும்பிடக் கூச்சம், அவ்வளவுதான். அந்த நிறம் சேற்றில் நாற்று நடுகிற எங்க ஆத்தா தோலில் இருக்கிறது.

நம்ம நீலம் வேற. 1942இல் நாகபுரியில் தொடங்கிய பட்டியல் சாதியினர் கூட்டமைப்பின் கொடியில் அம்பேத்கர் ஏற்றிய நீலம். சட்டை போடாதே, துண்டை இடுப்பில் கட்டு என்ற ஊர்களின் முன்னால் சிலைகளில் கோட்டாக நிற்கிற நீலம்.

‘பரியேறும் பெருமாள்’ (2018) பார்த்தவர்களுக்குத் தெரியும். தண்டவாளத்தில் கட்டிக் கொல்லப்பட்ட நாய், பாட்டில் நீலமாக வருகிறது. பரியன் உடம்பிலும் நீலம். சாமிக்குப் பூசின நிறத்தை மாரி செல்வராஜ் பிடுங்கி ஒரு வேட்டைநாய்க்குக் கொடுத்துவிட்டார். அதன் பெயர் கறுப்பி. காலா என்றாலும் கறுப்புதான். ரஞ்சித் கடைசியில் கறுப்பு, சிவப்பு, நீலம் என்று திரை முழுக்க வாரியிறைத்தார். அவர்கள் கறுப்பை மறைக்க நீலம் பூசினார்கள். இங்கே கறுப்பைப் பேராகவே வைத்துக்கொண்டு நீலம் வருகிறது. கவுண்டர்க்காரருக்கு வலிப்பது இதுதான்.

ஆனா நம்மாளுங்களையும் விடக்கூடாது. கொடியில் நீலம், சுவரில் நீலம், கதாநாயகி மட்டும் வெளுப்பா? பிள்ளைச்சாவடியில் என் தங்கச்சியைக் ‘கறுப்பி’ன்னு கூப்பிட்டுத்தான் வளர்த்தோம், பிரியமாத்தான். மாப்பிள்ளை பார்க்க ஆரம்பித்த பிறகுதான் அந்தச் சொல் எங்க வீட்டில் கடித்தது. பொண்ணு பார்க்க வந்தவர்கள் வெளியாட்கள் இல்லை, நம்ம சனம்தான். வீட்டில் நீலத்துண்டு வைத்திருப்பவர்கள்தான். போன வாரம் டி.வி.யில் நம்ம படமொன்று ஓடியது. பாதியில் எழுந்தவள் கேட்டாள்: “ஏண்ணே, நாய்க்கு வச்ச எம்பேர ஒரு ஹீரோயினுக்கு எப்ப வப்பானுங்க?”