இறங்கிய இடத்தில் அடுத்த ரயில்



ஜப்பானுக்குக் கிளம்புகிறவர்களிடமிருந்து இப்போதெல்லாம் நிறையக் கடிதங்கள் வருகின்றன. பிள்ளைகள் அங்கே வேலையில் இருப்பார்கள். அப்பாவும் அம்மாவும் முதல்முறையாகப் போவார்கள். கேள்விகளும் பெரும்பாலும் ஒரே மாதிரிதான். புல்லட் ரயிலுக்கு முன்பதிவு வேண்டுமா? பாஸ் வாங்கினால் லாபமா? சுரங்க ரயிலில் வழி தவறிவிடுவோமா? சைவச் சாப்பாடு கிடைக்குமா? தனித்தனியாகப் பதில் எழுதிக் கை ஓய்ந்துபோனதால் இந்த மாதம் இந்தப் பக்கத்தையே அதற்கு ஒதுக்கிவிட்டேன். ஜப்பான் போகும் உத்தேசமே இல்லாதவர்களும் படிக்கலாம், ரயில் பிடிக்கும் என்றால் போதும்.

முதலில் என் கட்சியைச் சொல்லிவிடுகிறேன். வேகத்தை அனுபவிக்க வேண்டும் என்று ஷின்கான்சென் என்கிற அந்தப் புல்லட் ரயிலில் ஏறினால் ஏமாற்றம்தான். டோக்கியோ–ஒசாக்கா தடத்தில் மணிக்கு 285 கி.மீ. வரை போகிறார்கள். உள்ளே உட்கார்ந்திருப்பவருக்கு அது உறைப்பதே இல்லை. தட்டில் வைத்த தண்ணீர் பாட்டில் அசங்காது. எதிர்த் தடத்தில் இன்னொரு ரயில் வரும்போது மட்டும் ஜன்னல் ஒருமுறை அதிரும். 16 பெட்டி, ஏறக்குறைய 400 மீட்டர் நீளம். என்ன நிறம் என்று பார்ப்பதற்குள் அது போயே போய்விடும். வேகம் தெரிவது அந்த இரண்டு மூன்று விநாடிதான். எனக்கு அங்கே வியப்பாக இருந்தது வேறொன்று. ஒரு ரயில் நம்மை இறக்கிவிட்ட இடத்தில் அடுத்த ரயில் தயாராக நிற்கிறது. நகரத்துக்கு நகரம் பறப்பதைவிட, பறந்து வந்தவரைத் தெருமுனை வரை கொண்டுபோய்விடுவதில்தான் அவர்கள் அதிகம் மெனக்கெட்டிருக்கிறார்கள் என்று தோன்றுகிறது.

இது தானாக அமைந்ததில்லை. 1950களில் டோக்கியோவுக்கும் ஒசாக்காவுக்கும் நடுவே இருந்த பாதையில் தண்டவாள இடைவெளி 1,067 மி.மீ. நம் பழைய மீட்டர் கேஜைவிடக் கொஞ்சம் அகலம், அவ்வளவுதான். 1958-ல் விட்ட மின்சார எக்ஸ்பிரஸ் அதில் ஆறு மணி ஐம்பது நிமிடத்தில் போய்ச் சேர்ந்தது. அன்றைய தேசிய ரயில்வேயின் தலைவர் ஷிஞ்சி சோகோ, பதவி ஏற்கும்போதே எழுபதைத் தாண்டியவர். அவர் கூட்டிவந்த தலைமைப் பொறியாளர் ஹிதேயோ ஷிமா. அகலப் பாதைக்காக வாதாடியே ஓய்ந்துபோன ஒரு ரயில்வே பொறியாளரின் மகன் அவர். பழைய பாதையை ஒட்டுப்போட வேண்டாம், 1,435 மி.மீ.யில் தனியாகப் புதிதாகப் போடுவோம் என்பதில் இருவரும் உறுதியாக இருந்தார்கள். லெவல் கிராசிங் ஒன்றுகூடக் கிடையாது. உள்ளூர் ரயிலும் சரக்கு ரயிலும் அதில் ஏறக்கூடாது.

முழுச் செலவையும் சொன்னால் நாடாளுமன்றம் ஒப்புக்கொள்ளாது என்று சோகோ கணக்கைக் குறைத்துக் காட்டினார். 1961-ல் உலக வங்கியிடம் 8 கோடி டாலர் கடன் வாங்கியதிலும் ஒரு சூட்சுமம் உண்டு. வெளியில் கடன் வாங்கிவிட்டால், ஆட்சி மாறினாலும் வேலையை நிறுத்த முடியாதே! செலவு ஏறக்குறைய இரண்டு மடங்கானபோது குட்டு உடைந்தது. 1963-ல் இருவரும் விலகினார்கள். டோக்கியோ ஒலிம்பிக்ஸுக்கு ஒன்பது நாள் முன்பு, 1964 அக்டோபர் 1 காலை, முதல் ரயில் கிளம்பிய நடைமேடையில் இருவருமே இல்லை. ஷிமா வீட்டில் உட்கார்ந்து தொலைக்காட்சியில் பார்த்தார். கணக்கை மறைத்தது தப்புதான். ஆனாலும் அந்தக் காலை நேரத்தை நினைத்தால் எனக்கு மனசு என்னவோ செய்கிறது.

நேராகப் போனால்தான் வேகம். அதனால் ஒசாக்காவில் பாதை நெரிசலான நடுநகருக்குள் நுழையவில்லை. யோடோ ஆற்றின் வடகரையில் ஷின்-ஒசாக்கா என்று புதிதாக ஒரு நிலையம் கட்டி அங்கேயே நிறுத்திக்கொண்டார்கள். அங்கே இறங்குகிறவர் ஊருக்குள் போவது எப்படி? நகரத்தின் மிடோசுஜி சுரங்கத் தடத்தை நடுநகரின் உமேதாவிலிருந்து ஷின்-ஒசாக்கா வரை நீட்டித் திறந்தார்கள். திறந்த நாள் 1964 செப்டம்பர் 24. புல்லட் ரயில் வருவதற்கு ஒரு வாரம் முன்பே அதை வரவேற்க நகர ரயில் வந்து நின்றுவிட்டது! இந்தத் தேதியைக் கேள்விப்பட்ட நாளிலிருந்து அந்த ஊர்மேல் எனக்குத் தனி மரியாதை.

மிடோசுஜியே அப்படி முன்யோசனையோடு பிறந்த தடம்தான். 1933 மே மாதம் உமேதாவிலிருந்து ஷின்சாய்பாஷி வரை ஓடத் தொடங்கியது. அன்று ஓடியது ஒற்றைப் பெட்டி. ஆனால் நீண்ட ரயில் வந்து நிற்கும்படி நடைமேடைகளை அப்போதே பெரிதாகக் கட்டிவிட்டார்கள். மேலே வளைந்த உயரமான கூரை, தொங்கும் விளக்குகள். ஒற்றைப் பெட்டிக்கு இவ்வளவு பெரிய மண்டபமா என்று அன்றைக்குச் சிரித்தவர்கள் இருந்திருப்பார்கள். தடத்துக்கு மேலே, சின்னச் சந்தாக இருந்ததை 44 மீட்டர் அகலச் சாலையாக்கியவர் மேயர் ஹஜிமே செகி. சாலை முடிவதற்குள் 1935-ல் அவர் காலமாகிவிட்டார். இன்று அதே தடத்தில் பத்துப் பெட்டி ரயில் ஓடுகிறது. ஷின்சாய்பாஷியில் இறங்கினால் ஒரு நிமிடம் அண்ணாந்து பாருங்கள்.

டோக்கியோவின் கதை வேறு மாதிரி. லண்டன் போய்ச் சுரங்க ரயிலைப் பார்த்துத் திரும்பிய நொரித்சுகு ஹயாகாவா, டோக்கியோவில் எத்தனை பேர் போய்வருகிறார்கள் என்று தெருமுனையில் நின்று அவரை விதைகளைக் கொண்டு எண்ணினார் என்பார்கள். அவர் போட்ட உயேனோ–அசாகுசா தடம் 2.2 கி.மீ. 1927 டிசம்பர் 30-ல் திறந்தது. இன்றைய கின்சா தடத்தின் தொடக்கம் அது. இப்போது நகருக்குக் கீழே பதின்மூன்று தடங்கள். ஒன்பது டோக்கியோ மெட்ரோவுடையவை, நான்கு மாநகர அரசின் தொயேயுடையவை. ஒன்றிலிருந்து மற்றதற்கு மாறினால் கட்டணம் தனி. ஒரே ஊரில் இது எதற்கு என்று எனக்கும் புரியவில்லை. புதியவர்களைக் குழப்பும் ஒரே விஷயம் இதுதான். பெயர் நினைவில் நிற்காவிட்டால் கவலை வேண்டாம். ஒவ்வொரு நிலையத்துக்கும் ஓர் எழுத்தும் எண்ணும் உண்டு. கின்சா நிலையம் என்றால் ஜி 09. எண் ஏறுகிறதா இறங்குகிறதா என்று பார்த்தாலே சரியான திசையில் போகிறோமா என்று தெரிந்துவிடும்.

கட்டணத்தில் பிரிந்திருந்தாலும் தண்டவாளத்தில் பிரிந்திருக்கவில்லை. பெரும்பாலான தடங்களில் சுரங்க ரயில் நகர எல்லை வந்ததும் நின்றுவிடாது; தனியார் புறநகர்ப் பாதையில் ஏறி அப்படியே போய்க்கொண்டிருக்கும். 1960-ல் அசாகுசா தடமும் கெய்சேய் நிறுவனமும் இதைத் தொடங்கின. அதற்காகக் கெய்சேய் தன் முழுப் பாதையையும் 1,372 மி.மீ.யிலிருந்து 1,435-க்கு மாற்றிப் போட்டது. ஓடிக்கொண்டிருந்த ரயில்வே ஒன்று, பக்கத்து ரயிலோடு கைகோப்பதற்காகத் தண்டவாளத்தையே பிடுங்கி நட்டிருக்கிறது! எல்லை நிலையத்தில் முன் பெட்டியில் நின்றால் பார்க்கலாம். ஓட்டுநர் தன் பையையும் கடிகாரத்தையும் எடுத்துக்கொண்டு இறங்குவார். நடைமேடையில் காத்திருக்கும் மற்ற நிறுவனத்து ஓட்டுநருக்கு வணக்கம் வைத்து, இரண்டு வார்த்தை சொல்வார். அவர் ஏறி, சிக்னலை வெள்ளை உறை போட்ட விரலால் சுட்டிக்காட்டி வாய்விட்டுச் சொல்வார். ரயில் கிளம்பிவிடும். உள்ளே தூங்குகிறவர் தூங்கிக்கொண்டே இருப்பார்.

இனி உங்கள் கேள்விகள்.

டோக்கியோ–ஒசாக்கா தடத்தில் மூன்று வகை ரயில்கள். நொஸோமி பெரிய ஊர்களில் மட்டும் நிற்கும். ஒசாக்காவுக்கு இரண்டரை மணி நேரம். ஹிக்காரி இன்னும் சில ஊர்களில் நிற்கும். கொடாமா எல்லா நிலையத்திலும் நின்று, பின்னால் வரும் நொஸோமிக்கு ஒதுங்கி வழிவிட்டு, ஆடி அசைந்து நான்கு மணி நேரத்தில் வரும். நெரிசல் வேளைகளில் ஒரு மணி நேரத்தில் 12 நொஸோமி வரை கிளம்புவதால் ஒன்றைத் தவறவிட்டால் பதற வேண்டியதில்லை. சாதாரண நாளில் முன்பதிவில்லாப் பெட்டியும் உண்டு. புத்தாண்டு, மே முதல் வார விடுமுறை, ஆகஸ்ட் நடுவில் வரும் ஓபோன் பண்டிகை ஆகிய நாட்களில் நொஸோமி முழுக்க முன்பதிவுதான்.

ஒரு பக்கம் மூன்று இருக்கை, மறுபக்கம் இரண்டு. டோக்கியோவிலிருந்து போகும்போது வலப்பக்கம் ‘இ’ ஜன்னல் கிடைத்தால், முக்கால் மணி நேரத்தில் ஃபூஜி மலை வரும். மேகம் மனசு வைக்க வேண்டும். நடுவில் மாட்டிக்கொண்டோமே என்று வருந்துகிறவருக்கு ஓர் ஆறுதல்: மூவர் வரிசையின் நடு இருக்கை மட்டும் மற்றவற்றைவிட 2 செ.மீ. அகலம்.

டிக்கெட் பெரும்பாலும் இரண்டு தாளாக வரும். ஒன்று பயணக் கட்டணம், மற்றது விரைவு ரயிலுக்கான கூடுதல். இரண்டையும் சேர்த்து வாயிற்கதவின் துளையில் விடுங்கள், மறுமுனையில் வரும். எடுக்க மறக்காதீர்கள். அந்தப் பயணச் சீட்டில் ஒசாக்கா மாநகரம் என்று அச்சிட்டிருந்தால், ஷின்-ஒசாக்காவிலிருந்து ஜே.ஆர். (ஜப்பான் ரயில்வே) ரயிலில் ஒசாக்கா நிலையம் வரை காசில்லாமல் போகலாம். மிடோசுஜியில் செல்லாது. நகர ரயில்களுக்கு சூய்க்கா, இக்கோக்கா என்று எந்தக் கட்டண அட்டை வாங்கினாலும் போதும். 2013 முதல் முக்கியமான பத்து அட்டைகள் பெரிய ஊர்கள் எல்லாவற்றிலும் செல்லுகின்றன. ஆனால் ஒரு வட்டாரத்தில் தொட்டு ஏறி இன்னொரு வட்டாரத்தில் தொட்டு இறங்க முடியாது.

பாஸ் பற்றி. ஏழு நாள் ஜே.ஆர். பாஸ் 2023 அக்டோபரில் 29,650 யென்னிலிருந்து 50,000 யென்னுக்குத் தாவியது. டோக்கியோ–ஒசாக்கா ஒருவழிக்கு 14,000 யென்னுக்குச் சற்று மேல். போய்வந்தாலும் 30,000 ஆகாது. ஹிரோஷிமா, ஃபுகுவோகா என்று நீளப் போகாதவர்களுக்கு இனி பாஸ் வீண். நொஸோமியில் ஏற அதற்கு மேலும் கட்ட வேண்டும். அடுத்து சாமான்: கொண்டுபோகும் பெட்டியின் நீள, அகல, உயரக் கூட்டல் 160 செ.மீ.யைத் தாண்டினால் அதற்கென இடம் பதிய வேண்டும். ஊறுகாயும் அப்பளமும் அடைத்த பெரிய பெட்டிகளுக்கு இது கட்டாயம் பொருந்தும்.

சாப்பாடு கொஞ்சம் கஷ்டம்தான். நிலையத்தில் விற்கும் எகிபென் பெட்டிச் சாப்பாடு கண்ணுக்கு விருந்து. ஆனால் காய்கறியாகத் தெரிவதும் மீன் சாற்றில் வெந்திருக்கும். கடைகளில் ஊமெபோஷி வைத்த ஓனிகிரி கிடைக்கும். உப்பும் புளிப்புமான ஊறுகாய்ப் பழத்தை நடுவில் வைத்துப் பிடித்த சோற்று உருண்டை. நம் நாக்குக்கு ஒத்துவரும். இந்தத் தடத்தில் சாதாரணப் பெட்டிகளுக்கு வந்துகொண்டிருந்த தள்ளுவண்டி 2023 அக்டோபரோடு நின்றுவிட்டது, ஏறுமுன்பே வாங்கிக்கொள்ளுங்கள்.

பாதுகாப்பு பற்றிக் கேட்டிருந்தீர்கள். 1964-லிருந்து தடம் புரண்டோ மோதியோ ஷின்கான்சென் பயணி ஒருவர்கூட இறந்ததில்லை. 2004-ல் நீகாட்டா பூகம்பத்தில் ஒரு ரயில் தடம் புரண்டது. உள்ளே இருந்தவர்கள் உயிரோடு இறங்கினார்கள். கடற்கரையில் வைத்த கருவிகள் பூமியின் முதல் நடுக்கத்தை உணர்ந்து மின்சாரத்தைத் துண்டித்துவிடும், ரயில் தானே பிரேக் போடும். நள்ளிரவிலிருந்து காலை 6 மணி வரை ஒரு ரயிலும் ஓடாது. அந்த இருட்டு நேரம் முழுக்கத் தண்டவாளம் பழுதுபார்ப்பவர்களுடையது.

டோக்கியோவில் கால் மணி நேரம் இருந்தால் வடக்கே போகும் ரயில்களின் நடைமேடைக்குப் போய்ப் பாருங்கள். வந்த ரயில் திரும்பிப் போக 12 நிமிடம். இறங்கவும் ஏறவும் போக, சுத்தம் செய்ய ஏழு. பெட்டிக்கு ஒருவர் என்று தயாராக நிற்பார்கள்; பலர் நடுத்தர வயதுப் பெண்கள். இருக்கைகளைப் பயணத் திசைக்குத் திருப்பி, தட்டுகளைத் துடைத்து, தலைத்துணியை மாற்றி, மேலே மறந்த குடை இருக்கிறதா என்று பார்த்து, வெளியே வந்து வரிசையாக நின்று தலை வணங்குவார்கள். பதில் வணக்கம் வைக்கிற பயணிகள் குறைவு. நீங்கள் வையுங்கள்.

நகரும் படிக்கட்டில் டோக்கியோக்காரர் இடப்பக்கம் நிற்பார், ஒசாக்காக்காரர் வலப்பக்கம். நடுவே உள்ள நகோயா 2023-ல் சட்டமே போட்டுவிட்டது: இரண்டு பக்கமும் நில்லுங்கள், யாரும் நடக்காதீர்கள் என்று. முன்னால் நிற்பவரைப் பார்த்துச் செய்துகொள்ளுங்கள்.

கடைசியாக என் யோசனை. எல்லாரும் டோக்கியோவில் இறங்கி, கியோட்டோ, ஒசாக்கா பார்த்து, மறுபடி டோக்கியோவுக்கே வந்து விமானம் ஏறுகிறார்கள். முடிந்தால் மேற்கே போய்க்கொண்டே இருங்கள். ஹிரோஷிமா பார்த்துவிட்டு ஃபுகுவோகாவின் ஹகாட்டா நிலையத்தில் இறங்குங்கள். அங்கிருந்து சுரங்க ரயிலில் இரண்டாவது நிலையம் விமான நிலையம், ஐந்து நிமிடம். ஒன்று மட்டும் நினைவிருக்கட்டும். ரயில் போய் நிற்பது உள்நாட்டு முனையத்தில். வெளிநாட்டு விமானத்துக்கு அங்கிருந்து இலவசப் பேருந்தில் போக வேண்டும், அதற்கென்று அரை மணி நேரம் கூடுதலாக வைத்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்