கத்தரி பிடித்த கை

பாரிஸ் தெருக்களில் ஒரு திறந்த கார் ஓடுகிறது. ஓட்டுவது ழான் பால் பெல்மாண்டோ. பேசுவதும் அவர்தான். ஆனால் திரையில் தெரிவது பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் ஜீன் செபர்கின் பின்தலை மட்டுமே. பேச்சு நிற்காமல் தொடர, அவருக்கு அப்பால் தெரியும் தெரு மட்டும் சட்சட்டென்று மாறுகிறது. 1960 மார்ச்சில் வெளியான ‘ப்ரெத்லெஸ்’ படத்தின் இந்தக் காட்சி இன்று சினிமா மாணவர்களுக்குப் பால பாடம். இயக்குநர் ழான் லுக் கோதாரின் பெயர் அவர்களுக்கு மனப்பாடம். எடிட்டர் செசீல் தெகுஜிஸின் பெயரைக் கேட்டால் பலரும் விழிப்பார்கள்.

புரட்சி செய்யும் திட்டத்தோடு பிறந்ததல்ல அந்தத் தாவல். படம் ஏறத்தாழ ஒரு மணி நேரம் நீண்டுவிட்டதாகக் கோதாரே பின்னாளில் சொன்னார். வழக்கப்படி முழுக் காட்சிகளைத் தூக்கி எறியாமல், ஷாட்டுகளுக்கு உள்ளேயே கத்தரி வைத்தார்கள். கார் காட்சியில் யாரை வைத்துக்கொள்வது, யாரை வெட்டுவது என்பதற்கு எடிட்டரும் தானும் நாணயம் சுண்டிப் பார்த்ததாகவும், செபர்க் ஜெயித்ததாகவும் அவர் சொன்னதுண்டு. அந்த எடிட்டிங் அறையில் உதவியாளராக இருந்த லீலா ஹெர்மன் இந்திய வம்சாவளிப் பெண். பின்னர் லீலா லக்ஷ்மணன் என்ற பெயரில் கோதாரின் வேறு படங்களையும் எடிட் செய்தார்.

1934இல் பிறந்த தெகுஜிஸ், த்ரூஃபோ 1957இல் எடுத்த ‘லே மிஸ்தோன்’ குறும்படத்தின் எடிட்டர். புதிய அலை இயக்குநர்கள் தலையெடுத்தபோதே உடனிருந்தவர். ஆனால் அவர் மனம் சினிமாவோடு நிற்கவில்லை. அதே 1957இல் டுனீசியா சென்று, போருக்குத் தப்பி எல்லை தாண்டி வந்த அல்ஜீரிய அகதிகளைப் படமெடுத்தார். பிரான்சை எதிர்த்துப் போராடிய அல்ஜீரிய தேசிய விடுதலை முன்னணிக்கு உதவினார்.

அதற்கு விலை கொடுக்க வேண்டிய நேரம் எப்போது வந்தது? ‘ப்ரெத்லெஸ்’ ஊரையே கலக்கிக்கொண்டிருந்த அதே 1960இல். ஐந்தாண்டு சிறைத் தண்டனை. இரண்டாண்டுகள் உள்ளே இருந்தார். த்ரூஃபோவின் ‘ஷூட் த பியானோ பிளேயர்’ படத்தில் எடிட்டர் என்று இரண்டு பெயர்கள் வருகின்றன: ஒன்று தெகுஜிஸ், மற்றது க்ளோதின் பூஷே. அரசியலில் ஒதுங்கியே இருந்த த்ரூஃபோ, அந்த ஆண்டு செப்டம்பரில், அல்ஜீரியாவில் ஆயுதம் ஏந்த மறுப்பவர்களை ஆதரித்து 121 பேர் வெளியிட்ட அறிக்கைக்குப் பின்னர் தன் கையெழுத்தையும் சேர்த்தார். அல்ஜீரியப் பிரச்னையைத் தொட்ட கோதாரின் அடுத்த படம் 1963 வரை தடையில் கிடந்தது.

விடுதலையான தெகுஜிஸ் மறுபடி எடிட்டிங் மேஜைக்கே திரும்பினார். இம்முறை எரிக் ரோமரிடம். ‘மை நைட் அட் மோட்ஸ்’ (1969), ‘க்ளேர்ஸ் நீ’ (1970) தொடங்கி ‘ஃபுல் மூன் இன் பாரிஸ்’ (1984) வரை பல படங்கள். ரோமரின் பாத்திரங்கள் பேசிக்கொண்டே இருப்பவர்கள். ஒருவர் பேசும்போது மற்றவர் முகத்தை எத்தனை நொடி காட்டுவது என்பதில்தான் அந்தப் படங்களின் உயிர் இருக்கிறது. எங்கே வெட்டினார் என்று கண்ணுக்கே தெரியாது. ‘ப்ரெத்லெஸ்’ஸில் வெட்டைக் கண்ணில் குத்தும்படி வைத்த அதே கைதான் இதையும் செய்தது. நடுவே சில குறும்படங்களையும் இயக்கினார்.

அவர் சிறை சென்ற காலத்தில் பிரெஞ்சு அரசு அல்ஜீரியாவில் நடந்ததைப் போர் என்றே ஒப்புக்கொள்ளவில்லை. ஒழுங்கை நிலைநாட்டும் நடவடிக்கை என்றது. அது போர்தான் என்று சட்டப்படி ஏற்க 1999 வரை ஆயிற்று. தெகுஜிஸ் 2017இல் காலமானார். அரசு அந்த ஒரு சொல்லைச் சொன்னதைக் கேட்டுவிட்டுத்தான் போனார்.