சின்னம்மாவின் கோழிகளுக்குப் புதுத் தீனி

முட்டைக்கான உச்ச விலையை அரசாங்கம் 2025 ஆகஸ்ட் 1 முதல் நீக்கியதிலிருந்து, வீட்டுக்குப் பின்னால் நாலு கோழி வளர்க்கலாமா என்று என்னிடம் கேட்பவர்கள் கூடிவிட்டார்கள். தாராளமாக வளர்க்கலாம். ஆனால், தீனி விலையையும் கேட்டுவிட்டு இறங்குங்கள். தீனிக்கான மக்காச்சோளமும் சோயாவும் பெரும்பாலும் கப்பலில் வருபவை. 2022இல் உக்ரைன் போரால் அவற்றின் விலை ஏறியதும், இங்கே கோழிக்குத் தட்டுப்பாடு வந்து ஜூன் 1 முதல் ஏற்றுமதிக்கே தடை போட்டார்கள்.

பீடோங் பக்கம் தோட்டத்தில் இருக்கும் என் சின்னம்மாவிடம் 24 முட்டைக்கோழிகள். பேத்தியின் டியூஷன் பணம் அவற்றிலிருந்துதான் வருகிறது. கோழி ஒன்றுக்கு நாளைக்குச் சுமார் 110 கிராம் என்றால், 50 கிலோ மூட்டை மூன்று வாரம்கூட வராது. "நெல்லு விளையிற கெடாவுல தவிட்டுக்கா பஞ்சம்?" என்று, கடைத் தீனியை ஒரே நாளில் நிறுத்திவிட்டுத் தவிடும் உடைத்த சோளமும் போட்டார்.

இரண்டாவது வாரம் 20 முட்டை 11 ஆனது. ஓடு தொட்டால் உடைந்தது. ஒரு கோழி நொண்ட ஆரம்பித்தது.

"ஏண்டா, ரேடியோவுல இவ்வளவு பேசுறியே, இதுக்கு என்ன ஆச்சுன்னு சொல்லு."

ஒரு முட்டை ஓட்டுக்கு ஏறக்குறைய 2 கிராம் கால்சியம் வேண்டும். முட்டைக்கோழித் தீனியில் 4 சதவீதம்வரை கால்சியம் இருக்கிறது. சோளத்திலும் தவிட்டிலும் அது இல்லை என்றே சொல்லலாம். வயிறு நிறையும், ஓட்டுக்குச் சரக்கு இருக்காது. அப்போது கோழி தன் எலும்பிலிருந்து எடுத்து ஓடு கட்டும். நொண்டலுக்கு வேறு காரணமும் இருக்கலாம். எனக்கு இதில்தான் சந்தேகம். புரதமும் போதவில்லை: முட்டைக்கோழிக்கு 16, 17 சதவீதம் வேண்டும், சோளத்தில் இருப்பது 8, 9தான். சோயா சேர்க்காமல் கணக்கு நேராகாது.

தீனியை மாற்றவே கூடாதா? மாற்றலாம், ஒரே நாளில் அல்ல. கோழி தீனியைக் கண்ணால் பார்த்துப் பழகும் பிராணி. நிறமோ குருணையின் அளவோ மாறினால் சந்தேகப்பட்டுக் குறைவாகத் தின்னும். முதல் மூன்று நாள் கால்வாசி புதியது, அடுத்த மூன்று நாள் பாதி, பிறகு முக்கால். பத்தாம் நாள் முழுவதும் புதியது. மஞ்சள் கரு வெளுத்தால் பயப்பட வேண்டாம்; மஞ்சள் சோளம் குறைந்ததன் அடையாளம் அது.

சின்னம்மாவுக்கு விலை குறைந்த வேறு முட்டைக்கோழித் தீனி ஒன்று கிடைத்திருக்கிறது. தவிட்டை ஒரு கைப்பிடியோடு நிறுத்தச் சொன்னேன். கெராங் ஓட்டைக் கழுவிக் காயவைத்து, பொடியாக்காமல் சிறு துண்டுகளாக இடித்து, தனிச் சட்டியில் சாயங்காலம் வைக்கிறார். ஓடு பெரும்பாலும் இரவில்தான் உருவாகிறது. துண்டுகள் மெல்லக் கரைந்து அந்த நேரத்துக்கு உதவும். குஞ்சுகள் மட்டும் இந்தத் தீனிப் பக்கம் வரக்கூடாது. இவ்வளவு கால்சியம் அவற்றின் சிறுநீரகத்தைக் கெடுக்கும்.

இன்றோடு ஆறு நாள். தினமும் வாட்ஸ்அப்பில் குரல்பதிவு வருகிறது. நேற்று 14. நொண்டிக் கோழி எழுந்து தண்ணீர் குடித்ததாம்.