அனுமதி கேளாத் தமிழ்: சிங்கப்பூர் நாடாளுமன்றத்திடம் நாம் கற்க வேண்டியது

சிங்கப்பூர் நாடாளுமன்றத்தில் உறுப்பினர் ஒருவர் தமிழில் உரையாற்றும் காணொளித் துண்டு ஏதேனும் ஒன்று அவ்வப்போது நம் புலனக் குழுக்களில் வலம் வருகிறது. மாதுங்காவிலும் செம்பூரிலும் தாராவியிலும் உள்ள தமிழர் அதனைப் பெருமிதத்தோடு பகிர்கின்றனர். அப்பெருமிதத்தில் குறை காண்பது என் நோக்கமன்று. ஆயினும் அங்கே பேசப்பட்டது தமிழ் என்பதைக் கொண்டாடும் நாம், அவ்வுறுப்பினர் எவரிடமும் அனுமதி கேளாமல் பேசினார் என்பதைக் கவனிப்பதில்லை. மொழியியல் பயின்ற எனக்கு அதுவே முதன்மையான செய்தியாகத் தோன்றுகிறது. அந்த நிலை எவ்வாறு உருவாயிற்று, எந்த ஏற்பாடுகளின்மேல் நிற்கிறது, அதன் எல்லை எது என்பவற்றை இங்கே சுருக்கமாக எழுத விரும்புகிறேன்.

முதலில் வரலாறு. 1948 இல் சிங்கப்பூரில் முதன்முறையாகத் தேர்தல் நடந்தபோது, 22 பேர் கொண்ட சட்டமன்றக் குழுவில் மக்கள் தேர்ந்தெடுத்தவர் 6 பேர் மட்டுமே. வாக்குரிமை பிரிட்டிஷ் குடிமக்களுக்கு மட்டும் உரியதாக இருந்தது. பின்னர் ரெண்டல் ஆணையத்தின் பரிந்துரைப்படி, 25 தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்களைக் கொண்ட 32 பேர் சட்டமன்றம் 1955 இல் அமைந்தது. வாக்காளர் பதிவு தானாகவே நடைபெறும் முறை வந்ததால், வாக்காளர் தொகை பல மடங்கு பெருகிற்று. ஆனால் அவையின் ஒரே மொழியாக ஆங்கிலமே நீடிக்க வேண்டும் என்று அதே ஆணையம் கூறியிருந்தது. வாக்களிக்கும் மக்களின் மொழிகள் ஒருபுறமும், அவர்கள் பெயரால் பேசும் அவையின் மொழி மறுபுறமும் நின்றன.

இம்முரண்பாடு நீடிக்கவில்லை. சீன வணிகர் சங்கம் முதலான அமைப்புகள் பன்மொழி அவையை வற்புறுத்தின. 1956 பிப்ரவரியில், வாய்மொழி விவாதங்களுக்கு ஆங்கிலம், மலாய், மாண்டரின், தமிழ் ஆகிய நான்கும் உரியவை என்னும் தீர்மானம் டேவிட் மார்ஷல் முதலமைச்சராக இருந்த காலத்தில் அவையின் முன் வந்தது. 1959 இல் 51 உறுப்பினர்களோடு தன்னாட்சி பெற்ற சட்டமன்றம் உருவாயிற்று. 1965 ஆகஸ்ட் 9 அன்று நாடு தனியானபின், அவ்வாண்டு டிசம்பர் 8 அன்று அது நாடாளுமன்றமாகக் கூடியது. நான்மொழிக் கொள்கை இம்மாற்றங்கள் அனைத்தையும் கடந்து நிலைத்தது.

இங்கே தமிழ் எந்த அடிப்படையில் இடம்பெற்றது? எண்ணிக்கையால் என்று எளிதாகச் சொல்லிவிட இயலாது. 1957 ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பைப் பாருங்கள். தாய்மொழி என்ற வகையில் ஹொக்கியன் 30 விழுக்காடு, தியோச்சூ 17, மலாய் 13.5, தமிழ் 5.2, ஆங்கிலம் 1.8; மாண்டரின் வெறும் 0.1. மிகுதியானோர் வீட்டில் பேசிய ஹொக்கியனுக்கு அவையில் இடமில்லை. ஏறத்தாழ எவருக்குமே தாய்மொழியாக இராத மாண்டரினுக்கு இடமுண்டு. அவைமொழிகளாகத் தெரிவானவை பள்ளியும் அச்சும் செய்தித்தாளும் பெற்றிருந்த மொழிகள். சமூகத்துக்கு ஒரு மொழி என்னும் சமன்பாடும் அதில் இருந்தது. இந்தியச் சமூகத்தின் பெயரால் தமிழ் அந்த இருக்கையில் அமர்ந்தது என்றால், 1935 இல் தொடங்கிய ‘தமிழ் முரசு’ம், கோ. சாரங்கபாணி போன்றோரின் இயக்கமும், தோட்டப்புறங்களிலும் நகரத்திலும் நடந்த தமிழ்ப்பள்ளிகளும் முன்னரே அதற்கு ஒரு பொதுவாழ்வை அமைத்துக் கொடுத்திருந்தன என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். மலையாளத்துக்கும் பஞ்சாபிக்கும் அவ்வாய்ப்பு வாய்க்கவில்லை என்பதை நினைவிற்கொண்டால், நம் பெருமிதம் சற்று அடக்கம் பெறும்.

இனி அரசமைப்பின் வாசகத்துக்கு வருவோம். சிங்கப்பூர் அரசமைப்பின் 53 ஆம் உறுப்பு, சட்டமியற்றும் அவை வேறுவகையாக வகுக்கும்வரை, விவாதங்கள் அனைத்தும் மலாய், ஆங்கிலம், மாண்டரின் அல்லது தமிழில் நடைபெறும் என்கிறது. 44 ஆம் உறுப்பு அதைவிடக் கூர்மையானது. அவை நடவடிக்கைகளில் பங்குகொள்ளும் அளவுக்கு இந்நான்கில் ஏதேனும் ஒன்றில் பேசவும் எழுதவும் படிக்கவும் தெரிந்திருந்தால் உறுப்பினராகலாம். ஆங்கிலம் அறியாத, தமிழ் மட்டுமே அறிந்த ஒருவர் அந்நாட்டின் சட்டமியற்றுநராவதற்குச் சட்டத்தில் தடையில்லை.

நம் அரசமைப்பின் 120 ஆம் உறுப்பை இதனோடு ஒப்பிடுக. நாடாளுமன்ற அலுவல் இந்தியிலோ ஆங்கிலத்திலோ நடைபெறும். இவ்விரண்டிலும் தம் கருத்தைப் போதிய அளவு வெளிப்படுத்த இயலாத உறுப்பினரைத் தாய்மொழியில் பேச அவைத்தலைவர் அனுமதிக்கலாம். மாநிலச் சட்டமன்றங்களுக்கு 210 ஆம் உறுப்பும் இவ்வாறே. அண்மைய ஆண்டுகளில் டெல்லியில் மொழிபெயர்ப்பு வசதிகள் விரிந்துள்ளன. தமிழ் உரைகளும் ஒலிக்கின்றன. ஆனால் சட்டத்தின் வாசகம் அப்படியே உள்ளது. அவ்வாசகத்தின்படி, தாய்மொழியில் பேசுவது இயலாமைக்குத் தரப்படும் சலுகை. ‘எனக்கு வேறு மொழி வராது’ என்று ஒப்புக்கொள்பவருக்கே அது உரியது. இரண்டு மொழிகளையும் நன்கறிந்த ஒருவர், தம் மக்களுக்குத் தம் சொற்கள் நேரே சென்று சேர வேண்டும் என்பதற்காகத் தமிழைத் தெரிவு செய்வதை அவ்வாசகம் எண்ணிப் பார்க்கவில்லை. உரிமைக்கும் சலுகைக்கும் உள்ள தொலைவு இந்த ஒரு நிபந்தனையில் அடங்கியிருக்கிறது.

உரிமை ஏட்டில் இருந்தால் போதுமா? பேசுவோருக்கு உரிமை இருப்பதுபோல், கேட்போருக்கு ஏற்பாடு இருக்க வேண்டும். சிங்கப்பூர் அவையில் உடனடி மொழிபெயர்ப்பு நடைபெறுகிறது. தமிழிலிருந்து ஆங்கிலத்துக்கு அவ்வாறு பெயர்ப்பது எளிய பணியன்று. நம் வாக்கியம் வினையில் முடிகிறது. எதிர்மறையும் பெரும்பாலும் இறுதியில்தான் வருகிறது. ‘அமைச்சர் முன்மொழிந்த இந்தத் திருத்தத்தை இப்போதுள்ள வடிவத்தில் ஆதரிக்க என்னால் இயலவில்லை’ என்னும் தொடரில் பேசுபவர் எந்தப் பக்கம் என்பது கடைசிச் சொல் வரை வெளிப்படாது. ஆங்கில வாக்கியமோ அந்த நிலைப்பாட்டைத் தொடக்கத்திலேயே கேட்கும். மொழிபெயர்ப்பாளர் காத்திருக்க வேண்டும், அல்லது துணிந்து ஊகிக்க வேண்டும். இத்தகைய திறனாளர்களை அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக ஓர் அரசு பேணி வருவதே மொழியுரிமையின் உண்மையான செலவு.

அவ்வுரிமை விளைவித்த பயனையும் காண்கிறோம். ‘குழுத்தொகுதி’, ‘நியமன நாடாளுமன்ற உறுப்பினர்’, ‘தொகுதியில்லா நாடாளுமன்ற உறுப்பினர்’ ஆகிய சொற்கள் சென்னைக்கோ யாழ்ப்பாணத்துக்கோ தேவைப்படாதவை. 1984 இல் தொகுதியில்லா உறுப்பினர் முறையும், 1988 இல் குழுத்தொகுதி முறையும், 1990 இல் நியமன உறுப்பினர் முறையும் வந்தபோது, தமிழ் அவற்றுக்கு உடனுக்குடன் பெயர் சூட்ட வேண்டியிருந்தது. வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் ‘வீவக’ ஆயிற்று. மத்திய சேம நிதி ‘மசேநிதி’ ஆயிற்று. தமிழிலேயே முதலெழுத்துச் சுருக்கம் உண்டாவது நமக்கு அரிது. அரசின் அன்றாட அலுவல் ஒரு மொழியில் விவாதிக்கப்பட்டாலன்றி அவ்வாறு நிகழாது. கலைச்சொல்லாக்கக் குழுக்கள் கூடி இயற்றும் பட்டியல்கள் பல நூலகங்களில் உறங்குகின்றன. இச்சொற்களோ பேருந்து நிறுத்தத்திலும் வழங்குகின்றன.

மறுபக்கத்தை மறைத்தால் இது ஆய்வாகாது. சிங்கப்பூரின் சட்ட முன்வடிவுகள் ஆங்கிலத்திலேயே இயற்றப்படுகின்றன. நீதிமன்றம் பொருள் கொள்வதும் அவ்வாசகத்துக்கே. நாடாளுமன்றப் பதிவேட்டைத் திறந்தால், தமிழ் உரை இருக்குமிடத்தில் ‘தமிழில்’ என்ற குறிப்போடு ஆங்கில மொழிபெயர்ப்பு நிற்கிறது. மூலவுரையைத் தனியே தேட வேண்டும். 2020 கணக்கெடுப்பில் வீட்டில் மிகுதியாக ஆங்கிலம் பேசுவோர் 48.3 விழுக்காடு, தமிழ் பேசுவோர் 2.5. ஆங்கிலம் முன்னர் இருந்த இடத்தையும் இன்று இருக்கும் இடத்தையும் ஒப்பிட்டால், அவையின் உரிமை வீட்டின் மொழியைக் காக்கவில்லை என்பது தெளிவு.

இன்னொன்று. அவையில் தமிழர் இருப்பது வேறு. தமிழ் இருப்பது வேறு. நாடு தனியான நாளில் அவைத்தலைவராக இருந்தவர் ஏ. பி. ராஜா, முதல் வெளியுறவு அமைச்சர் எஸ். ராஜரத்தினம், 1968 முதல் ஆளுங்கட்சி உறுப்பினர்கள் மட்டுமே அமர்ந்திருந்த அவைக்குள் 1981 ஆன்சன் இடைத்தேர்தலில் வென்று முதல் எதிர்க்கட்சிக் குரலாக நுழைந்தவர் ஜே. பி. ஜெயரத்தினம். இவர்களின் அரசியல் வாழ்வு பெரும்பாலும் ஆங்கிலத்திலேயே நிகழ்ந்தது. குழுத்தொகுதி முறையும் வேட்பாளரின் இனத்தைப் பார்க்கிறது, மொழியைப் பார்ப்பதில்லை. இனத்துக்கு ஒரு காப்பு, மொழிக்கு ஒரு காப்பு, இரண்டையும் இணைக்கும் பாலம் ஏதுமில்லை. மேலும், 2025 தேர்தலில் 97 இடங்களில் 87 ஐ ஒரே கட்சி வென்ற அவையில், கட்சிக் கொறடாவின் கட்டுப்பாட்டுக்குள் எந்த மொழியில் பேசினாலும் வாக்கெடுப்பின் முடிவு பெரும்பாலும் முன்னரே அறிந்ததுதான்.

அப்படியாயின் அங்கே தமிழ் வெறும் அணிகலனா? அவ்வாறு கூறும் நண்பர்கள் உளர். நான் உடன்படவில்லை. வாக்கெடுப்பு மட்டுமே நாடாளுமன்றமன்று. ஆண்டுதோறும் வரவுசெலவுத் திட்டத்தின்போது ஒவ்வொரு அமைச்சகத்தின் ஒதுக்கீட்டிலிருந்தும் 100 வெள்ளியைக் குறைக்குமாறு உறுப்பினர்கள் அடையாளமாக முன்மொழிந்து, அதனைப் பற்றுக்கோடாகக் கொண்டு கேள்வி எழுப்புகின்றனர். எவரும் அந்த நூறு வெள்ளியைப் பொருட்படுத்துவதில்லை. அமைச்சர் எழுந்து விடை சொல்ல வேண்டும் என்பதே பயன். விடை சொல்லும் கடமையைத் தமிழ்க் கேள்வியும் உண்டாக்குகிறது. அணிகலனுக்கு அந்த ஆற்றல் இல்லை.

மும்பையில் வாழும் நமக்கு இதனால் என்ன? மராட்டியச் சட்டமன்றத்தில் தமிழ் ஒலிக்க வேண்டும் என்று நான் கேட்கவில்லை. அங்கே மராத்திக்குரிய இடம் மராத்திக்கே. சயான் கோலிவாடாவிலிருந்து 2014 முதல் ஆர். தமிழ்ச்செல்வன் தேர்ந்தெடுக்கப்பட்டு வருகிறார் என்பதால் நம் மொழிச்சிக்கல் தீர்ந்துவிட்டது என்றும் கொள்ள முடியாது. தாராவி மறுசீரமைப்பை எண்ணிப் பாருங்கள். 2000 ஜனவரி 1 க்கு முன்னரே தரைத்தளத்தில் குடியிருந்ததை மெய்ப்பிப்போருக்குத் தாராவிக்குள்ளேயே 350 சதுர அடி வீடு என்பது அறிவிக்கப்பட்ட விதி. அத்தகுதியைக் குறிக்கும் சொல் ‘பாத்ர்’, தகுதியின்மைக்கு ‘அபாத்ர்’. ‘அன்புக்குப் பாத்திரமானவர்’ என்று நாம் எழுதும் அதே வடசொல்தான். ஆனால் நெல்லையிலிருந்து வந்து இரண்டு தலைமுறையாகத் தாராவியில் வாழும் ஒரு தாய்க்குப் பாத்திரம் என்பது முதலில் அடுப்படியில் இருப்பது. தம் வீட்டை முடிவு செய்யும் சொல்லை அவர் பிறர் சொல்லித்தான் அறிகிறார். சிங்கப்பூரில் வீட்டுக்கு ‘வீவக’ என்று தமிழில் பெயருண்டு. இங்கே எஸ்ஆர்ஏ, எஃப்எஸ்ஐ, டிரான்சிட் கேம்ப் என்று பிறர் வகுத்த சொற்களுக்குள்தான் நாம் வாதிட வேண்டியிருக்கிறது.

நமக்கும் அனுமதி கேளாத ஓர் உரிமை உண்டு. அரசமைப்பின் 350 ஆம் உறுப்பின்படி, ஒன்றியத்திலோ மாநிலத்திலோ வழங்கும் எந்த மொழியிலும் குறைதீர் விண்ணப்பத்தை எந்த அதிகாரியிடமும் அளிக்கலாம். தமிழ்வழிப் பள்ளிகளை நடத்தும் மாநகராட்சிக்குத் தமிழ் விண்ணப்பம் அயலானதாக இருக்க வேண்டியதில்லை. நம்மிடம் இல்லாதது கேட்கும் ஏற்பாடுதான். அதைக் கேட்டுப் பெறுவதற்குச் சிங்கப்பூர் நல்ல முன்மாதிரி: முதலில் உரிமையின் வாசகம், பிறகு மொழிபெயர்ப்பாளர், அதன்பின் சொற்கள்.

ஆய்வு மாணவர்களுக்கு இரண்டு வேண்டுகோள்கள். 1955 முதலான சிங்கப்பூர் அவைப் பதிவுகள் இணையத்தில் கிடைக்கின்றன. எந்தப் பொருள்களில் தமிழ் தெரிவு செய்யப்படுகிறது, எங்கே உறுப்பினர் ஆங்கிலத்துக்கு மாறுகிறார் என்பதை எவரேனும் முறையாக ஆராய வேண்டும். மறுசீரமைப்புப் படிவங்களில் வரும் மராத்தி, ஆங்கிலச் சொற்களுக்கு எளிய தமிழ் விளக்கக் கையேடு ஒன்றை நாம் இணைந்து உருவாக்க வேண்டும். முதற்பணியை ஓர் ஆய்வேட்டுக்கு ஒதுக்கி வைக்கலாம். இரண்டாவதற்குக் காலமில்லை. உடன் பணியாற்ற விரும்புவோர் பின்னூட்டத்தில் தெரிவியுங்கள்.